சூசை கையால் நன்மை

வெள்ளைத் துண்டைத் தோள்ல போடணுமா, கழுத்துல போடணுமான்னு கேட்டீங்க. பீடத்துக்கு வலது பக்கம் நிக்கிறதா இடது பக்கமான்னு கேட்டீங்க. நற்கருணைப் பாத்திரத்தை யார் முதல்ல எடுக்கிறது, அதுல மூத்தவங்களுக்கு முதல் உரிமை உண்டான்னு ஒரு தம்பி எழும்பி நின்னே கேட்டாரு. காலையில இருந்து இதே கதைதான். பங்குல புதுசா பொதுநிலைப் பணியாளருங்க சேர்ந்திருக்காங்க, நீங்க பழைய ஆள், வந்து நாலு வார்த்தை சொல்லுங்கன்னு கூப்பிட்டாங்க. முழங்கால் வலியோட பஸ் ஏறி வந்தா, துண்டு. அட ஆண்டவரே.

துண்டை எங்கயாவது போட்டுக்குங்க. அதெல்லாம் புத்தகத்துல இருக்கு, வாசிக்கத் தெரிஞ்ச யாரும் வாசிச்சுக்கலாம். புத்தகத்துல இல்லாத ஒரு நாளைப் பத்தி நான் சொல்றேன். கேட்டுட்டு, அதுக்கப்புறமும் துண்டுதான் முக்கியம்னா எழும்பிப் போங்க, நான் கோவிச்சுக்க மாட்டேன். கோவிச்சுக்குவேன், ஆனா சொல்ல மாட்டேன்.

நான் மாத்தளைப் பக்கத்து மலையில, எல்கடுவைக்கு மேல ஒரு தேயிலைத் தோட்டத்துல பிள்ளைக் காம்பராவுல வேலை பார்த்தவ. கொழுந்தெடுக்கப் போற அம்மாமாரோட கைக்குழந்தைகளைப் பகல் முழுக்க வச்சுப் பார்த்துக்கிற இடம் அது. அதோட ஞாயிற்றுக்கிழமை ஞானோபதேசம் படிச்சுக் குடுக்கிறது, வியாதிக்காரங்க வீட்டுல செபம் சொல்றது, செத்த வீட்டுக்கு ஓடுறது எல்லாம் என் தலையில. அதுக்கு உபதேசியார்னு பேரு. ஆம்பளைக்கு வச்ச பேரு அது, பொம்பளைக்குன்னு ஒண்ணு வைக்க யாருக்கும் தோணல. ஜனங்க டீச்சர்னு கூப்பிட்டாங்க, நானும் அதுக்கே திரும்பிப் பார்த்தேன்.

மாசத்துக்கு ஒருக்கா மாத்தளையில இருந்து சாமி வருவாரு. எங்களுக்கு சாமின்னா குருவானவர். அவர் வர்ற ஞாயிறு பூசை, வராத ஞாயிறெல்லாம் கோயில் பூட்டித்தான் கிடக்கும். அப்பதான் புதுசா ஒரு சாமி வந்தாரு. பேர் வேணாம், அவருக்குப் பேர் சொன்னாலே பிடிக்காது. அவர் முதல் கூட்டத்துலயே சொன்னாரு, நான் வராத ஞாயிறும் ஞாயிறுதான், கோயிலைத் திறங்க, வாசகம் வாசிங்க, செபம் சொல்லுங்க, இது உங்க திருச்சபை, என்னோடது மட்டும் இல்லன்னு. எல்லாரும் தலையை ஆட்டினாங்க. எங்க ஆளுங்க தலையாட்டுறதுல கெட்டிக்காரங்க.

முதல் ஞாயிறு நான் வாசிக்க நின்னேன். வாசல் வரைக்கும் வந்து எட்டிப் பார்த்துட்டு, சாமி இல்லையா, அப்ப பூசை இல்லன்னு பாதிப் பேர் துணி துவைக்கப் போயிட்டாங்க. ஒரு பெரியவர் என் மூஞ்சிக்கு நேரே கேட்டாரு, நீ வாசிக்கிறதைக் கேக்க நான் சட்டை போட்டுக்கிட்டு வரணுமான்னு. அது மட்டுமா. பொம்பளை பீடத்தைச் சுத்தி இருக்கிற கிராதிக்கு உள்ளே போகக் கூடாது, பீடத்துக்கு இந்தப் பக்கமே நின்னு வாசிக்கட்டும்னு கோயில் கமிட்டித் தலைவர் உத்தரவு. சரின்னு இந்தப் பக்கமே நின்னு வாசிச்சேன். தொண்டை எனக்குப் பெருசு, எங்க நின்னாலும் கேக்கும்.

அந்தக் கமிட்டித் தலைவர் அந்தோணி கங்காணி, தோட்டத்துல ஆளுங்களை வேலை வாங்குறவரு. மேல் லயத்துல கடைசி வீடு, லயம்னா தோட்டத்து ஆளுங்க குடியிருக்கிற வரிசை வீடுங்க. எனக்குப் பெரியப்பா முறை. நானும் மேல் லயத்துப் பொண்ணுதான், அதையும் இங்கயே சொல்லிடுறேன், பிறகு புரியும். எங்க தோட்டத்துல சாதின்னு யாரும் வாய்விட்டுச் சொல்ல மாட்டோம், கெட்ட வார்த்தை பாருங்க. மேல் லயம், கீழ் லயம்னு சொல்லுவோம். ஞானஸ்நானத் தண்ணி எல்லாருக்கும் ஒண்ணுதான், ஆனா குடிக்கிற தண்ணி பிடிக்கிற பீலி வேற வேற. கோயில்லயும் அப்படித்தான். கமிட்டியில உக்காருறது மேல் லயம். கோயில் கூட்டுறது, மணி அடிக்கிறது, குழி வெட்டுறது கீழ் லயம். இதை யாரும் எழுதி வைக்கல, எழுதி வைக்க அவசியமும் இல்ல.

ஒரு நாள் சாமி கமிட்டியில சொன்னாரு, நான் வராத ஞாயிறுகள்ல கோயில்ல எனக்கு உதவியா இருக்க ஒரு ஆள் வேணும், ஒழுக்கமான ஆள், வாசிக்கத் தெரியணும், குடிக்கக் கூடாது, நீங்களே பேர் சொல்லுங்கன்னு. கோயில்ல உதவின்னா எங்க ஆளுங்களுக்கு என்ன? கதவு திறக்கிறது, விளக்கு ஏத்துறது, மணி அடிக்கிறது. கங்காணி யோசிக்கவே இல்ல. "நம்ம சூசை இருக்கான் சாமி, சொன்ன வேலையைச் செய்வான்"னு பேர் குடுத்துட்டாரு. கமிட்டி முழுக்க ஆமாம் போட்டுச்சு. சூசை கீழ் லயம். ஸ்டோருல, அதான் தேயிலை அரைக்கிற ஃபேக்டரியில, வேலை. சாமிக்கு மூஞ்சியெல்லாம் சிரிப்பு. மேல் லயத்துல இருந்து கீழ் லயத்து ஆளைச் சொல்றாங்களே, இந்தத் தோட்டத்துல ஆவியானவர் வேலை செய்றாருன்னு என்கிட்ட சொன்னாரு. ஆவியானவரும் இல்ல ஒண்ணும் இல்ல சாமி, விளக்குமாறு பிடிக்க ஆள் சொல்லியிருக்காங்கன்னு சொல்ல வாய் வரைக்கும் வந்துச்சு. மனுஷன் அவ்வளவு சந்தோஷமா இருக்கிறப்ப எப்படிச் சொல்ல.

சூசை சனி ஞாயிறு மாத்தளைக்குப் போய்ப் பயிற்சி எடுத்தாரு. ஸ்டோருல லீவு வாங்கிக் குடுத்ததே கங்காணிதான், வேடிக்கையைப் பாருங்க. கொஞ்ச மாசம் கழிச்சு ஒரு பூசையில சாமி சூசையைப் பீடத்துக்குக் கூப்பிட்டு, ஆயர் குடுத்த அனுமதியை வாசிச்சாரு. இனிமேல் நான் வராத ஞாயிறு உங்களுக்கு நன்மை குடுக்கிறது இவர்தான், நற்கருணைப் பெட்டிச் சாவி இவர்கிட்டதான் இருக்கும்னாரு. நன்மைன்னா பூசையில குடுக்கிற திரு அப்பம், நம்ம வேதத்துல அதுக்கு மேல ஒண்ணு இல்ல. நான் திரும்பி கங்காணியைப் பார்த்தேன். ஏதோ தொண்டையில மாட்டிக்கிட்ட ஆள் மாதிரி உக்கார்ந்திருந்தாரு.

அன்னிக்கே ரெண்டு வரிசை ஆயிடுச்சு. சாமி ஒரு பக்கம் நின்னு குடுக்கிறாரு, சூசை இன்னொரு பக்கம். மேல் லயம் மொத்தமும் சாமி வரிசையில, கோயில் வாசல் வரைக்கும் நீண்டு நிக்குது. சூசை வரிசையில கீழ் லயத்துப் பத்துப் பன்னிரண்டு பேரும் நானும். அடுத்த ஞாயிறு சாமி இல்ல. நன்மை நேரம் வந்ததும் மேல் லயம் பெஞ்சை விட்டு அசையல. நன்மைக்கு முன்னால வெறும் வயிறா இருக்கணும், காலையிலே தேத்தண்ணி குடிச்சிட்டேன்னு ஒருத்தர். பாவசங்கீர்த்தனம் செய்யலன்னு ஒருத்தர். வயிறு சரியில்லன்னு நாலு பேர். ஒரு தோட்டத்துல ஒரே ஞாயிறு இத்தனை வயிறு கெட்டுப்போய் நான் பார்த்ததே இல்ல. இது வாரா வாரம் நடந்துச்சு. சூசை பாத்திரத்தைப் பிடிச்சுக்கிட்டுக் கொஞ்ச நேரம் காத்து நிப்பாரு, பிறகு பெட்டியில வச்சுப் பூட்டிடுவாரு. ஒரு வார்த்தை சொல்ல மாட்டாரு.

நான் சொன்னேன். சாமிகிட்டப் போய்ச் சண்டையே போட்டேன். பிரசங்கத்துல நல்லாக் குடுங்க, இல்லன்னா மூணு மாசத்துக்குப் பூசைக்கு வராதீங்கன்னேன். அவரு, பொறுங்க டீச்சர், தானா மாறும்னாரு. தானா மாறுமாம். தேயிலைச் செடியே கவ்வாத்து வெட்டாம மாறாது, மனுஷன் தானா மாறிடுவானாம். நல்ல சாமி, தங்கமான மனுஷன், ஆனா அந்தப் பொறுமையை நினைச்சா எனக்கு இன்னிக்கும் எரிச்சல் வருது.

அப்பதான் அந்தக் கெட்ட காலம் வந்துச்சு. எண்பத்தெட்டு, எண்பத்தொன்பது. உங்கள்ல பாதிப் பேர் பிறந்திருக்க மாட்டீங்க. கடையை மூடுன்னு ஒரு கடதாசி ஒட்டியிருந்தா மூடணும், பஸ் ஓடக் கூடாதுன்னா ஓடாது. ஒரு பக்கம் கடதாசி ஒட்டுற கலகக்காரப் பொடியங்க, மறுபக்கம் ஜீப்புல வர்ற ஆமிக்காரங்க, நடுவுல ரோட்டுல அகப்பட்டவனுக்கு யார் கையால போறோம்னே தெரியாது. மாத்தளைக்குப் போற ரோட்டுல மரத்தை வெட்டிப் போட்டிருப்பாங்க. ஊரடங்கு எப்ப போடுவாங்க எப்ப எடுப்பாங்கன்னு ரேடியோவைக் கேட்டுக்கிட்டே இருக்கணும். சாமி ரெண்டு மாசமா மேல வரல. வரவும் முடியாது. பங்களாவுல துரையே கதவைப் பூட்டிக்கிட்டு இருந்தாரு.

அந்த நேரம் பார்த்து கங்காணி வீட்டம்மா சவேரியம்மா படுத்துட்டாங்க. எனக்குப் பெரியம்மா. வயித்துல கட்டி. ஆஸ்பத்திரியில இனி ஒண்ணும் செய்ய ஏலாதுன்னு வீட்டுக்கு அனுப்பினது அதுக்கு முந்தின மாசம். அன்னிக்குக் காலையில தோட்டத்து டிஸ்பென்சர் வந்து பார்த்துட்டு, வெளியே வந்து, இன்னிக்கு ஓடினாப் பெரிய காரியம்னு சொன்னாரு. பெரியம்மாவுக்கு நினைவு நல்லா இருந்துச்சு. காலையில இருந்து ஒண்ணே ஒண்ணுதான் கேட்டுக்கிட்டு இருந்தாங்க. எனக்கு நன்மை வேணும், நன்மை வாங்காம நான் போகக் கூடாது. வேற எதையும் கேக்கல. அந்தம்மா வாழ்க்கையில வாய்விட்டு ஒண்ணைக் கேட்டு நான் கேட்டதே அன்னிக்குத்தான்.

கங்காணி சும்மா இருக்கல, அதைச் சொல்லணும். அந்தம்மா மேல அவருக்கு உசிரு. விடியக்காலமே ரெண்டு ஆளைக் குறுக்கு வழியால மாத்தளைக்கு அனுப்பினாரு, சாமியைக் கையோட கூட்டிட்டு வரச் சொல்லி. துரைகிட்டப் போய் லொறி கேட்டாரு, லொறி ரோட்டுல இறங்கினா எரிச்சிடுவாங்கன்னு துரை முடியாதுன்னுட்டாரு. பகல் சாப்பாட்டு நேரம் போல அந்த ரெண்டு பேரும் வெறுங்கையோட திரும்பி வந்தாங்க. பாலத்தடியில என்னமோ கிடந்ததைப் பார்த்திருக்காங்க. என்னன்னு சொல்லல, மூஞ்சியைப் பார்த்ததும் நாங்களும் கேக்கல.

வீட்டு இஸ்தோப்பு, அதான் முன் விறாந்தை, முழுக்கக் கமிட்டி ஆளுங்க. கங்காணி என்னைத் தனியாக் கூப்பிட்டாரு.

"நீ குடு பிள்ள."

நான் முழிச்சேன். எனக்கு அனுமதி இல்லையே பெரியப்பா, சூசைக்குத்தானே இருக்குன்னேன். அனுமதி என்ன அனுமதி, அது ஒரு கடதாசிதானே, இந்த நேரத்துல யார் கேக்கப் போறான்னாரு. யார் பேசுறா பாருங்க. பொம்பளை கிராதியைத் தாண்டக் கூடாதுன்னு என்னைத் தள்ளி நிக்க வச்ச மனுஷன், இப்ப ஆண்டவரையே கையால எடுன்றாரு. சாமி இல்லாம ஒரு செபம் சொன்னாலே தோஷம்னு இருந்தவங்க, இப்ப சாமியும் வேணாம், ஆயரும் வேணாம், சட்டமும் வேணாம். சூசை கை மட்டும் கூடாது. எனக்கு உச்சியில சுர்ருன்னு ஏறிச்சு.

சாவி சூசைகிட்ட இருக்குன்னேன். கமிட்டியில ஒருத்தர், பூட்டு சின்னப் பூட்டுதான், தட்டினாத் திறந்துக்கும்னாரு. நற்கருணைப் பெட்டிப் பூட்டைத் தட்டித் திறக்கிறாராம், கோழிக்கூடு மாதிரி. நான் வாசல்ல படுத்துக்கிறேன், என்னை மிதிச்சிட்டுப் போய்த் திறங்கன்னு சொன்னேன். கொஞ்சம் சத்தமாத்தான் சொன்னேன்.

பிள்ளைங்களா, இந்த இடத்தை நல்லாக் கேட்டுக்குங்க. எனக்கு அங்க ஆசையே வரலன்னு நினைக்காதீங்க. உள்ளே கிடக்கிறது என் பெரியம்மா, எனக்குத் தலை சீவி விட்டவங்க. நான் குடுத்தா அவங்க நிம்மதியாப் போவாங்க. ஆனா நான் குடுத்திருந்தா அந்தத் தோட்டத்துல நன்மைக்கும் ரெண்டு பீலி ஆகியிருக்கும், மேல் லயத்துக்கு ஒரு கை, கீழ் லயத்துக்கு ஒரு கை. அதுக்கப்புறம் எந்த சாமி வந்தும் அதை மாத்த முடியாது. நான் செஞ்சது சரியா தப்பான்னு பிறகு நிறையப் பேர் என்கிட்ட விசாரிச்சாங்க. இன்னொரு தடவை அந்த இஸ்தோப்புல நிறுத்தினாலும் நான் அதையேதான் சொல்லுவேன். அதனால மனசு ஆறிடுச்சுன்னு அர்த்தம் இல்ல.

சூசையை நானே கூட்டிட்டு வரேன்னு கீழ் லயத்துக்கு இறங்கினேன். 

சூசை வீட்டு வாசல்ல உக்கார்ந்திருந்தாரு. வெள்ளைச் சட்டை போட்டு, தலை வாரி, சாவியை மடியில வச்சுக்கிட்டு. செய்தி காலையிலே அவருக்கு வந்திருக்கு. அப்ப இருந்து அப்படியே உக்கார்ந்திருக்காரு. வாங்க சூசைண்ணே, பெரியம்மா கேக்குறாங்கன்னேன். அந்தம்மா கேக்குறாங்க, வீட்டுக்காரர் கூப்பிட்டாரான்னு கேட்டாரு. நான் தலையைக் குனிஞ்சேன். அப்ப நான் வரலன்னுட்டாரு.

எனக்கு வந்துச்சே கோவம். உயிர் போற நேரத்துல இது என்ன வீம்புன்னு கத்திட்டேன். அவர் கத்தல. போன மாசம் மேல் லயத்துல இன்னொரு வியாதிக்காரர் வீட்டுக்கு, யாரும் கூப்பிடாமலே நன்மை எடுத்துக்கிட்டுப் போனாராம். எனக்கு அது அதுவரைக்கும் தெரியாது. உள்ளே வான்னும் சொல்லல, போன்னும் சொல்லலயாம். இஸ்தோப்புக்குக் கீழ, அழுக்குத் தண்ணி ஓடுற கானுக்குப் பக்கத்துல, மழையில நிக்க வச்சுட்டுக் கதவைச் சாத்திட்டாங்களாம்.

"என்னை எங்க வேணும்னாலும் நிக்க வைக்கட்டும் டீச்சர், எனக்குப் பழக்கம். ஆனா ஆண்டவரைச் சட்டைப் பையில வச்சுக்கிட்டு நான் இனிமே கான்ல நிக்க மாட்டேன். அந்த வீட்டு ஆம்பளை வந்து ஒரு வார்த்தை கூப்பிடட்டும். ஓடி வரேன்."

என்ன சொல்லுவீங்க இதுக்கு? நியாயம்தானே. நியாயம்தான், ஆனா மேல ஒரு பொம்பளை மூச்சுக்குத் தவிச்சுக்கிட்டு இருக்கா. சரி, சாவியைக் குடுங்கன்னு கூடக் கேட்டுப் பார்த்தேன், வெக்கமில்லாம. என்னை நம்பிக் குடுத்தது, யாருக்கும் குடுக்க மாட்டேன்னுட்டாரு. நல்லவேளை குடுக்கல. குடுத்திருந்தா நான் என்ன செஞ்சிருப்பேன்னு எனக்கே தெரியாது.

திரும்ப மேல ஏறினேன். கங்காணி இஸ்தோப்புத் தூணைப் பிடிச்சுக்கிட்டு நிக்கிறாரு. நீங்க வந்து கூப்பிட்டா வருவாராம், ஒரே ஒரு வார்த்தைதான்னு சொன்னேன். அவர் கமிட்டியைப் பார்த்தாரு. கமிட்டி அவரைப் பார்த்துச்சு. அவர் என்ன செய்யப் போறாருன்னு இவங்க இருக்காங்க, நான் போனா இவங்க என்ன சொல்லுவாங்களோன்னு அவர் இருக்காரு. ஒருத்தர் மூஞ்சியை ஒருத்தர் பார்த்துக்கிட்டே நேரம் போகுது. காலையில ஆள் கணக்கெடுக்கிற பெரட்டுக்களத்துல ஒரு தோட்டத்தையே விரட்டி வேலை வாங்குற மனுஷன், அங்க ஒரு தூணை விட முடியாம நிக்கிறாரு.

நான் உள்ளே போயிட்டேன். பெரியம்மா என்னைப் பார்த்ததும், சாமி வந்துட்டாரான்னு கேட்டாங்க. அப்பதான் தெரியுது, இவங்க காலையில இருந்து அந்தம்மாகிட்ட சாமி வந்துக்கிட்டே இருக்காருன்னு பொய் சொல்லி வச்சிருக்காங்க. நான் மறைக்கல. கட்டில்ல பக்கத்துல உக்கார்ந்து கையைப் பிடிச்சுக்கிட்டேன். சாமியால வர முடியாது பெரியம்மா, ரோடு இல்ல, ஆனா நன்மை நம்ம கோயில்லயே இருக்கு, சூசை எடுத்துட்டு வருவாரு, கொண்டு வரச் சொல்லவான்னு கேட்டேன். அந்தம்மா ஆமான்னு ஒரு வார்த்தை சொன்னாப் போதும், நானே கங்காணியைக் கழுத்தைப் பிடிச்சுத் தள்ளிக்கிட்டுப் போயிருப்பேன்.

பெரியம்மா என்னையே பார்த்தாங்க. கண்ணு கதவுப் பக்கம் போச்சு.

"அவரக் கேளு தாயி"ன்னாங்க.

நாற்பது வருஷக் குடித்தனம். என்ன சமைக்கன்னு அவரக் கேளு, பொண்ணுக்கு எங்க சம்பந்தம்னு அவரக் கேளு. சாகிற நேரத்துல ஆண்டவரை வாங்குறதுக்கும் அவரக் கேளு. அவர் வெளியே கமிட்டியைக் கேக்குறாரு, கமிட்டி சாமியைக் கேக்கும், சாமி மாத்தளையில ஊரடங்குல இருக்காரு. இதுதான் பிள்ளைங்களா நம்ம திருச்சபை. யாராவது ஒருத்தர் வந்து உத்தரவு குடுக்கிற வரைக்கும் வாயைப் பொத்திக்கிட்டு உக்காந்திருக்கும். நீங்க என்னை எதுக்கும் மன்னிக்கலாம், இதைச் சொல்றப்ப நான் கத்துறதை மட்டும் மன்னிச்சுக்குங்க.

கங்காணி கதவுல நின்னு அதைக் கேட்டுட்டாரு. நான் எழும்பினேன். அவர் வயசுக்கு நான் அதுவரைக்கும் அவர்கிட்டக் குரல் உயர்த்திப் பேசினதில்ல.

"பேர் குடுத்தது நீங்கதானே பெரியப்பா. நம்ம சூசை இருக்கான்னு சொன்னது நீங்கதானே. இப்ப மட்டும் அவர் யாரோவா?"

 பெரியம்மா தண்ணி கேட்டாங்க. மகள் கரண்டியால கொஞ்சம் வாயில விட்டா. தண்ணி உள்ளே போகல, கடைவாயால வழிஞ்சு தலையணையில இறங்குச்சு. கங்காணி அதைப் பார்த்துக்கிட்டே நின்னாரு. இனி நேரம் இல்லன்னு அவருக்கு விளங்கிடுச்சு. திரும்பி நடந்தாரு. மேல்கோட்டு இல்லாம அந்த மனுஷன் வீட்டு வாசலைத் தாண்டி நான் பார்த்ததில்ல. அன்னிக்குக் கோட்டு ஆணியிலேயே தொங்குச்சு. இஸ்தோப்புல இருந்தவங்க விலகி வழி விட்டாங்க, ஒருத்தர் எழும்பி எங்க போறீங்கன்னு கேட்டப்பவும் அவர் நிக்கல.

நான் பெரியம்மாவோட இருந்துட்டேன். அவர் கீழ் லயத்துக்குப் போனதை அங்க இருந்தவங்க பிறகு சொன்னாங்க. கங்காணி வர்றாருன்னதும், என்ன தப்புச் செஞ்சோம்னு பயந்து எல்லாரும் எழும்பி நின்னாங்களாம். சூசை வீட்டுக்கு முன்னால போய், மூச்சு வாங்க, "சூசை, வீட்டுக்கு வாப்பா"ன்னு சொன்னாராம். சூசை அதுக்கு மேல ஒரு நொடி உக்காரல. ரெண்டு பேரும் கோயிலுக்கு ஓடியிருக்காங்க. வயசான ரெண்டு பேர், அந்த ஏத்தத்துல.

நான் பெரியம்மாவுக்கு, பாவத்துக்கு வருந்திச் சொல்ற உத்தம மனஸ்தாப செபம் சொல்லிக்கிட்டு இருந்தேன். மூச்சு விட்டு விட்டு வந்துச்சு. அப்ப கோயில் பக்கம் இருந்து மணிச் சத்தம். நன்மை எடுத்துக்கிட்டு வியாதிக்காரங்க வீட்டுக்குப் போறப்ப முன்னால ஒரு ஆள் கைமணி அடிச்சுக்கிட்டுப் போகணும், அது எங்க வழக்கம். கேக்குதா பெரியம்மா, வர்றாங்க, உங்களுக்குத்தான் வர்றாங்கன்னு காதுக்கிட்டச் சொன்னேன். கேட்டுச்சு அவங்களுக்கு. கண்ணைத் திறக்கல, வாயை மட்டும் திறந்தாங்க. நன்மை வாங்க நாக்கை நீட்டுவோமே, அப்படி. திறந்து வச்சுக்கிட்டுக் காத்திருந்தாங்க. மணி வளைவுல திரும்புறது கேக்குது, இன்னும் படி ஏறணும். அடுத்த மூச்சு வரும்னு நான் பார்த்துக்கிட்டே இருந்தேன். வரல.

மகள் கத்தினா. இஸ்தோப்புல பொம்பளைங்க அழ ஆரம்பிச்சாங்க. வெளியே மணி நின்னு போச்சு.  பிறகு திரும்பவும் அடிச்சுது, மெதுவா, வீட்டைப் பார்த்து.

உள்ளே வந்தப்பதான் பார்த்தேன், மணி அடிச்சுக்கிட்டு முன்னால வர்றது கங்காணி. காலெல்லாம் சேறு. பின்னால சூசை, நன்மை இருக்கிற சிமிழை நெஞ்சோட அணைச்சுக்கிட்டு. அந்த வீட்டுக்குள்ளே கீழ் லயத்துல இருந்து ஒருத்தர் வந்தது அதுதான் முதல் தடவை. யாரும் தடுக்கல. சூசை கட்டிலுக்குக் கிட்ட வந்து பெரியம்மா மூஞ்சியைப் பார்த்தாரு. செத்தவங்களுக்கு நன்மை குடுக்கக் கூடாது, அது அவருக்குத் தெரியும். முழங்கால் போட்டு, இறந்தவங்களுக்கான செபத்தை ஆரம்பத்துல இருந்து கடைசி வரைக்கும் சொன்னாரு. ஒரு வார்த்தையையும் விடல.

முடிச்சுட்டு எழும்பி நின்னாரு. சிமிழ் இன்னும் கையில. எடுத்துட்டுத் திரும்பக் கோயிலுக்குப் போயிருக்கலாம், அவரே உட்கொண்டிருக்கலாம், ரெண்டுக்கும் இடம் இருக்கு. அவர் கங்காணியைப் பார்த்தாரு. நீங்க வாங்கிக்கிறீங்களான்னு கேட்டாரு. அவ்வளவுதான். ஏளனம் இல்ல, கோவமும் இல்ல. எனக்கு இருந்த கோவத்துல கால்வாசி கூட அந்த மனுஷன் குரல்ல இல்ல.

இஸ்தோப்புல இருந்து மொத்தக் கமிட்டியும் எட்டிப் பார்த்துக்கிட்டு இருந்துச்சு. கங்காணி அந்தப் பக்கம் திரும்பல. மணியைக் கீழ வச்சுட்டு முழங்கால்ல விழுந்தாரு. வாயைத் திறந்தாரு. சூசை அப்பத்தை எடுத்து நாக்குல வச்சாரு, விரல் உதட்டுல பட்டுச்சு, கங்காணி கண்ணை மூடிக்கிட்டு முழுங்கினாரு. அடுத்த ஞாயிறுல இருந்து அந்தக் கோயில்ல ஒருத்தருக்கும் வயிறு கெடல. சாமி ரோடு திறந்து மேல வந்தப்ப, பார்த்தீங்களா டீச்சர், நான் சொன்னேனே மாறும்னுன்னு அழுதுட்டாரு. கமிட்டியில இருந்தவங்க இன்னிக்கும் அந்தக் காட்சியைச் சொல்லிச் சொல்லி உருகுவாங்க.

நான் உருகல. அந்த அறையில எனக்கு ஆத்திரம்தான் வந்துச்சு, இன்னும் போகல. கங்காணி நன்மையை முழுங்கிக்கிட்டு இருக்கிறப்ப, பக்கத்துல கட்டில்ல, திறந்தபடியே நின்னு போன பெரியம்மா வாயை மூட முடியாம, மகள் ஒரு துணியைக் கிழிச்சுத் தாடையைச் சேர்த்துக் கட்டிக்கிட்டு இருந்தா.